நாலு தரம் திறந்த வாய்

பிரெஞ்சில் ஒரு கடிதம் வந்தால் அதை மூன்று பேரிடம் வாசிக்கக் கொடுப்பேன். மூவரும் தனித்தனியாக வாசிக்க வேண்டும், ஒருவர் சொன்னது மற்றவருக்குத் தெரியக் கூடாது. இரண்டு பேர் ஒரே மாதிரிச் சொன்னால் கடிதத்தில் இருப்பது அதுதான் என்று எடுத்துக்கொள்வேன். பாரிசுக்கு வந்த நாளிலிருந்து இதுவே என் வழக்கம். ஐந்தாம் வகுப்போடு பள்ளிக்கூடத்தை விட்டவன் நான். தமிழ் வாசிப்பேன், எழுதுவேன். பிரெஞ்சு காதுக்குப் பாதி விளங்கும், கண்ணுக்கு ஒன்றும் விளங்காது.

சென்ற மாதம் ஒரு கடிதம் வந்தது. லா சப்பலில் காய்கறிக் கடை வைத்திருக்கும் நண்பர் அதைப் பார்த்துவிட்டு, "உங்கடை பழைய வசனங்களை ஆரோ கேக்கினம், கவனம்" என்றார். மருந்துக் கடையில் வேலை செய்யும் பெண்பிள்ளை, "உங்களைப் பாராட்டி எழுதியிருக்கினம் அங்கிள்" என்றாள். இரண்டும் ஒத்துவரவில்லை. மூன்றாவதாக யாரிடம் கொடுப்பது என்று யோசித்தபோது ஒரே ஒருவரின் முகம்தான் நினைவுக்கு வந்தது. கடிதத்தை மடித்துச் சட்டைப் பைக்குள் வைத்துவிட்டேன்.

யப்பானியக் கார்ட்டூன் படங்களுக்குத் தமிழ் வசனம் எழுதுவது பன்னிரண்டு வருடம் என் தொழிலாக இருந்தது. இப்போது அந்த வேலையை இயந்திரமே செய்கிறதாம். வசனம் எழுதுவதோடு நிற்காமல், படத்தில் இருக்கும் வாயையும் வசனத்துக்குப் பொருந்தும்படி மாற்றிவிடுகிறதாம். இதைக் கேள்விப்பட்ட இளம் ஆட்கள் சிலர், அந்தக் காலத்தில் நீங்கள் எப்படி எழுதினீர்கள் என்று எழுதித் தரச் சொன்னார்கள். இவர்களுக்கு இது ஏன் என்று முதலில் சந்தேகப்பட்டேன். ஆனால் வாயை மாற்றலாம் என்ற கதையைக் கேட்ட பிறகு எனக்கு நித்திரை வரவில்லை. அதனால் எழுதுகிறேன்.

தொடக்கத்தைச் சுருக்கமாகவே சொல்லலாம். பதினைந்து வருடம் உணவகக் குசினிகளில் பாத்திரம் கழுவினேன், பிறகு வெங்காயம் வெட்டினேன். திங்கட்கிழமை உணவகம் பூட்டு. அன்றைக்கு மட்டும், ஒரு புடவைக் கடைக்குக் கீழே இருந்த ஒலிப்பதிவு அறையைத் துப்புரவு செய்யப் போவேன். அறையின் சொந்தக்காரர் சந்திரா அண்ணை. பிரெஞ்சு நிறுவனமொன்றிடம் கார்ட்டூன் தொடர்களை வாங்கி, எங்கள் பிள்ளைகளுக்காகத் தமிழாக்கி, ஒரு தொலைக்காட்சிக்குக் கொடுத்துக்கொண்டிருந்தார். குரல் கொடுப்பவர்கள் எல்லாரும் கடைகளிலும் உணவகங்களிலும் வேலை செய்பவர்கள் என்பதால் அங்கும் திங்கட்கிழமைதான் வேலை நாள்.

அந்த அறையில் இரண்டு தொல்லைகள். ஒன்று, வெளியே தூண்களுக்கு மேலே ஓடும் மெத்ரோ ரயில். அது போகும்போது சுவர் உறுமும். "மெத்ரோ போகட்டும்" என்று சந்திரா அண்ணை கையைத் தூக்குவார். எல்லாரும் திறந்த வாயோடு நிற்பார்கள். மற்றது பீற்றர் அண்ணை. மன்னார்க்காரர், கோவில் மணி மாதிரிக் குரல், அரக்கன், அரசன், தகப்பன் எல்லாம் அவர்தான். ஆனால் மீன்கடையைக் கழுவிவிட்டு நேரே வருவார். "அரக்கன் எண்டால் கொஞ்சம் மணக்கத்தான் வேணும்" என்று அவரே சொல்லிக்கொள்வார்.

ஒரு திங்கட்கிழமை பீற்றர் அண்ணை ஒரே வசனத்தில் பதினான்கு தரம் தடக்கினார். "நான் உன்னை ஒருபோதும் மன்னிக்க மாட்டேன்." படத்தில் அரசன் ஆறு தரம்தான் வாயைத் திறந்தான். அவன் வாயை மூடிய பிறகும் பீற்றர் அண்ணை கதைத்துக்கொண்டிருந்தார். நான் தடியும் துணியுமாக மூலையில் நின்றேன். யாருக்கும் கேட்காது என்று நினைத்து, "போ. இனி வராதை" என்று வாய்க்குள் சொல்லிப் பார்த்தேன். சந்திரா அண்ணைக்குக் கேட்டுவிட்டது.

"ஆர் அது? திருப்பிச் சொல்லு."

நான் தரையைத் துடைத்தேன்.

"தம்பி, உன்னைத்தான். தடியை வைச்சிட்டு இஞ்சை வா."

அப்படித்தான் எழுத்துக்காரன் ஆனேன்.

வேலை இப்படி. யப்பான் படத்தில் வாய் மூன்று விதம்தான்: மூடிய வாய், பாதி திறந்த வாய், முழுக்கத் திறந்த வாய். எந்தச் சொல்லையும் இந்த மூன்றுக்குள் அடக்கிவிடலாம், எண்ணிக்கை மட்டும் பிழைக்கக் கூடாது. முதலில் படத்தைப் பார்க்காமல் யப்பான் குரலை மட்டும் கேட்பேன். எங்கே மூச்சு எடுக்கிறார்கள், எங்கே விழுங்குகிறார்கள் என்று அதில் தெரியும். பிறகு சத்தத்தை நிறுத்திவிட்டுப் படத்தை மட்டும் ஓடவிட்டு, இடது கைப் பெருவிரலால் மற்ற விரல்களின் கணுக்களை எண்ணுவேன். விரலுக்கு மூன்று, கைக்குப் பன்னிரண்டு. அதன் பிறகே கொப்பியில் எழுதுவேன். ஆள் முதுகைக் காட்டி நின்றால் எண்ணத் தேவையில்லை. முதுகுக்கு எவ்வளவும் எழுதலாம். மூலத்தில் இல்லாததைக்கூட எழுதலாம், யாருக்கும் தெரியாது. அது எழுதுபவனுக்கு வசதி. ஆபத்தும் அதுதான்.

சந்திரா அண்ணை ஒருவரையும் நம்ப மாட்டார். படம் வெளியே போனால் அடுத்த கிழமையே தெருவில் களவாகப் பிரதி போட்டு விற்பார்கள் என்பது அவர் பயம். ஒவ்வொருவருக்கும் அவரவர் வசனம் உள்ள தாளை மட்டும் கொடுப்பார், முடிந்ததும் திரும்ப வாங்கி எண்ணி அலுமாரியில் பூட்டுவார். தகப்பன் என்ன சொன்னான் என்று மகளுக்குத் தெரியாமல் மகள் பதில் சொல்வாள். "நம்பிக்கை முகம் துடைக்கிற துவாய் மாதிரித் தம்பி, அவரவர் தன்ரை தன்ரையை வைச்சிருக்க வேணும்" என்பார். பிழை என்று ஒருநாளும் சொல்ல மாட்டார். "தேத்தண்ணி குடிப்பமோ?" என்று கேட்டால் ஒரு வசனத்தை மாற்ற வேண்டும். தேத்தண்ணியை அவரே போட்டுக் கொண்டுவந்தால் முழுப் பக்கத்தையும் கிழிக்க வேண்டும். நானும் யாரையும் நம்பாதவன். அதனால் எங்களுக்குள் ஒத்துப்போனது.

பிரெஞ்சு வசனங்களின் அர்த்தத்தை எனக்குச் சொல்லித் தந்தவர் ஃபிலோமினா அம்மா. பாண்டிச்சேரியில் பிறந்து, பாரிசுக்கு வெளியே ஆர்ஜொந்தெய்யில் குடியிருந்து, ஒரு காப்புறுதி அலுவலகத்தில் வேலை செய்தவர். சனிக்கிழமைகளில் அறைக்கு வந்து, சந்திரா அண்ணையின் முன்னால் பிரெஞ்சு வசனத் தாள்களைப் பார்த்து, வரிக்கு வரி அர்த்தத்தைச் சின்னப் பதிவுக் கருவியில் சொல்லிவிட்டுப் போவார். நான் அதைக் கேட்டு எழுதுவேன். எனக்கு வாசித்துச் சொல்ல மூன்று பேர் வேண்டும். இங்கே ஒருவர்தான். தாள்களோ பூட்டுக்குள். அதனால் ஃபிலோமினா அம்மாவைச் சோதித்தேன். இரண்டு கிழமைக்கு முன் சொன்ன வரியை மறந்துவிட்டேன் என்று திரும்பக் கேட்பேன். சொன்னதையே சொல்வார். ஒன்பதாம் தரம் கேட்டபோது சிரித்துவிட்டார்.

"என்னா தம்பி, எனக்குப் பரீட்சை வைக்கிறீங்களா? லிசேல முதல் மார்க் வாங்கினவ நான்."

வெட்கம் என்னைப் பிடுங்கித் தின்றது. அதற்குப் பிறகு சோதிக்கவில்லை.

இனி அந்தத் தொடர். ஒரு தீவு, கடலுக்கு வெளிச்சம் காட்டும் கோபுரம், அதைப் பார்த்துக்கொள்ளும் தகப்பனும் பத்து வயது மகளும். பெரிய கதை ஒன்றும் இல்லை, பிள்ளைகள் விரும்பினார்கள். தகப்பனுக்குப் பீற்றர் அண்ணை. மகளுக்குச் சுகந்தி.

சுகந்தி சந்திரா அண்ணையின் உடன்பிறந்த தங்கச்சி. அப்போது முப்பத்தெட்டு வயது. பலசரக்குக் கடையில் வேலை. குரல் மட்டும் பத்து வயதிலேயே நின்றுவிட்டது. யுத்தத்தின் கடைசி நாட்களில் அவளுடைய புருசன் காணாமல் போனார். அவள் தனியாக இங்கே தமையனிடம் வந்து சேர்ந்து, அப்போது ஆறு வருடம். புருசன் இல்லை என்று ஒரு பத்திரத்தில் ஒப்பம் வைத்தால் பல காரியம் சுலபமாகும் என்று எல்லாரும் சொன்னார்கள். அவள் வைக்கவில்லை. இது எங்கள் எல்லாருக்கும் தெரியும். யாரும் அவளுடைய முகத்துக்கு முன்னால் இதைப் பற்றிக் கதைக்க மாட்டோம்.

அவள் என்னோடு நன்றாகக் கதைப்பாள். நான் விரலில் எண்ணுவதைப் பார்த்துப் பழகி, தானும் எண்ணுவாள். "அண்ணை, இந்த வரியிலை எனக்கு ஒரு வாய் கூடத் தந்திட்டியள்" என்பாள். சரியாகத்தான் இருக்கும்.

பாகங்கள் ஆறு ஆறாகத்தான் வரும். மூன்றாவது தொகுதியின் கடைசி, பதினெட்டாம் பாகம். அதன் முடிவில் தகப்பன் படகில் ஏறுகிறான். கரையில் மகள். தகப்பன் திரும்பிப் பார்த்து ஏதோ சொல்கிறான். மகள் எங்களுக்கு முதுகைக் காட்டி நின்று ஏதோ பதில் சொல்கிறாள். அவ்வளவுதான்.

பதிவுக் கருவியில் ஃபிலோமினா அம்மாவின் குரல் இப்படிச் சொன்னது: "அப்பா சொல்றாரு, இனிமே எனக்காகக் காத்திருக்காத, நான் திரும்பி வர மாட்டேன். பொண்ணு சொல்லுது, சரிப்பா, நான் இனிமே காத்திருக்க மாட்டேன், என் வேலையைப் பாத்துக்கிறேன்."

சத்தத்தை நிறுத்திவிட்டு எண்ணினேன். தகப்பனின் வாய் நாலு தரம் திறந்தது. திரும்ப எண்ணினேன். நாலுதான். இவ்வளவு நீளமான செய்தியை நாலு திறப்பில் எந்தப் பாஷையில் சொல்லலாம்? யப்பான் குரலைப் போட்டுக் கேட்டேன். மகள் முதுகைக் காட்டி நின்று சொன்னது ஒரே ஒரு சின்னச் சத்தம், எங்கள் 'ம்' மாதிரி. தமிழில் அதற்கு மூன்று வரி. தகப்பன் சொன்னதிலும் எனக்குப் பழக்கமான ஒரு சத்தம் இருந்தது. யப்பான் படங்களில் ஓடுகிறவனைப் பார்த்து எல்லாரும் கத்துவது அது, நில், இரு என்று அர்த்தம். பத்து வருடம் கேட்ட காது. ஒருவனைப் பார்த்து 'இரு' என்று சொல்லிவிட்டு எப்படிக் 'காத்திருக்காதே' என்பான்?

ஃபிலோமினா அம்மாவில்தான் முதல் சந்தேகம். வயது போகிறது, கவனம் குறைந்திருக்கும் என்று நினைத்தேன். இல்லாவிட்டால் எங்கள் ஆட்களின் துயரத்தைப் பற்றி எங்கோ கேள்விப்பட்டு, அதற்குள் தன் புத்திமதியைச் செருகுகிறார். பாண்டிச்சேரிக்காரருக்கு இது என்ன விளங்கும் என்று மனதுக்குள் கோபப்பட்டேன். சன் லசாருக்குப் போய் ரயில் எடுத்து, ஆர்ஜொந்தெய்யில் அவர் வீட்டுக் கதவைத் தட்டினேன். உள்ளே போய் அரை மணி நேரம் கேட்க வாய் வரவில்லை. கொடுத்த கேக்கைத் தின்றேன். கடைசியில் அவரே கேட்டார்.

"பதினெட்டா?"

தலையாட்டினேன்.

"தெக்ஸ்த்ல இருந்தத நான் ஒழுங்காத்தான் சொன்னேன் தம்பி. சந்திரா அத அழிச்சிட்டு, அவர் சொன்னதச் சொல்லச் சொன்னாரு. ஏன் மிசியேன்னு கேட்டேன். உங்களுக்கு விளங்காது மதாம்னாரு. விளங்காதுன்னு சொன்னா நான் சும்மா விடுவேனா? ஆனா அந்த மனுசனுக்குக் கண்ணு கலங்கிடிச்சு. விட்டுட்டேன்."

"அந்தத் தாளிலை என்ன இருக்கு?"

"இரு, வந்துடுறேன். அவ்ளோதான்."

மறுநாள் அலுமாரிக்குப் பக்கத்தில் சந்திரா அண்ணை தனியாக இருந்தார். பதினெட்டாம் பாகத்தில் ஒரு சந்தேகம் என்றேன். அவர் தேத்தண்ணி கேட்கவில்லை. கதவைச் சாத்தினார்.

"அவளின்ரை மனுசன் கடைசியாச் சொன்னது என்ன தெரியுமோ, தம்பி? ஒரு போத்தலை எடுத்துக்கொண்டு தண்ணி தேடிப் போனவன். திரும்பிப் பாத்து 'இரு, வாறன்' எண்டவன். போறன் எண்டு ஆர் சொல்லுவினம்? எங்கடை ஆக்கள் கடைக்குப் போனாலும் வாறன் எண்டுதானே சொல்லுறது. அந்த ரெண்டு சொல்லுக்குள்ளை ஆறு வருசமாய் இருக்கிறாள். பிரெஞ்சுத் தாளிலை இருந்து மதாம் அதைச் சொன்னவுடனை அழிச்சுப்போட்டன். அவளைக் கொண்டு அதைத் திரும்பவும் கேக்க வைக்கவோ?"

"கேக்காமல் விடலாம். ஆனால் நீங்கள் அவளைச் சொல்லவும் வைக்கிறியள்" என்றேன். அவ்வளவு கதைத்தது எனக்கே ஆச்சரியம்.

"ஓம். நான் சொல்லிப் பாத்தன், கேக்கேல்லை. ஐயர் சொன்னார், கேக்கேல்லை. காத்திருக்க மாட்டன் எண்டு ஒருக்கால் தன்ரை வாயாலை சொன்னால், அது அவளின்ரை காதிலை விழும். ஒருக்கால் விழுந்தால் காணும்."

"வாய் நாலு தரம்தான் திறக்குது அண்ணை."

"நாலுக்குள்ளை எழுது."

மறுத்திருக்கலாம். அந்த வேலை போனால் திரும்ப வெங்காயம்தான் என்று பயந்தேனா, அவர் சொன்னதில் ஒரு நியாயம் இருக்கிறதென்று நம்பினேனா என்பது இன்றும் எனக்குப் பிடிபடவில்லை. உட்கார்ந்தேன். பத்து நிமிடத்தில் எழுதினேன்: "வரமாட்டன்." கணுவில் வைத்துப் பார்த்தேன். வ, ர, மாட், டன். நாலு. பன்னிரண்டு வருடத்தில் நான் எழுதிய வசனங்களில் இவ்வளவு கச்சிதமாக ஒரு வாயில் உட்கார்ந்தது வேறு இல்லை. மகளின் முதுகுக்கு, "ஓம் அப்பா. நான் இனிக் காத்திருக்க மாட்டன். எனக்கு நிறைய வேலை இருக்கு" என்று எழுதினேன்.

திங்கட்கிழமை பீற்றர் அண்ணை முதலில் சொன்னார். பிறகு சுகந்தி தன் தாளோடு உள்ளே போனாள். ஒரே தரத்தில் சொல்லி முடித்தாள். நடுக்கமும் இல்லை, அழுகையும் இல்லை, பத்து வயதுப் பிள்ளையின் குரல். முடிந்த பிறகும் காதில் இருந்ததைக் கழற்றாமல் நின்றாள். சந்திரா அண்ணை கையைத் தூக்கி, "மெத்ரோ போகட்டும்" என்றார். அப்போது மெத்ரோ எதுவும் வரவில்லை.

வேலை முடிந்து படியேறும்போது சுகந்தி எனக்காக நின்றாள்.

"அண்ணை, அந்த அப்பா உண்மையா என்ன சொன்னவர்?"

"கொப்பியிலை இருக்கிறதுதான் தங்கச்சி."

"உண்மையாவோ?"

"ஓம்."

அவள் என் இடது கையைப் பார்த்தாள். நான் கையைப் பைக்குள் விட்டுக்கொண்டேன்.

அடுத்த தொகுதி வந்தபோதுதான் நாங்கள் செய்த மடத்தனம் விளங்கியது. கதையின் மிச்சத்தைப் பார்க்காமல் நடுவில் ஒரு வசனத்தை மாற்றியிருந்தோம். பத்தொன்பதாம் பாகத்தில் மகள் தினமும் பின்னேரம் கோபுரத்தில் விளக்கேற்றிவிட்டுக் கடலைப் பார்த்துக்கொண்டு நிற்கிறாள். இருபதிலும் அப்படித்தான். இருபத்தொன்றில் தகப்பனின் கோப்பையைக் கழுவித் தகப்பனின் இடத்தில் வைக்கிறாள். காத்திருக்க மாட்டேன் என்று சொன்ன பிள்ளை!

"விளக்கு மற்றக் கப்பல்காரருக்கு எண்டு எழுது" என்றார் சந்திரா அண்ணை. எழுதினேன். "கோப்பை விருந்தாளிக்கு எண்டு எழுது." எழுதினேன். ஒரு பொய்க்கு நாலு பாகம் கூலி வேலை செய்தேன். சுகந்தி ஒவ்வொரு தாளையும் வாங்கி, கண்ணாடிக்கு அந்தப் பக்கம் நின்று, படத்தையும் தாளையும் மாறி மாறிப் பார்த்தாள்.

"இந்தத் தீவுக்கு ஒரு விருந்தாளியும் வரேல்லையே அண்ணை" என்றாள் ஒருநாள்.

"வருவினமாக்கும்" என்றேன்.

கிழமைக்கு ஒரு பாகமாகத்தான் பார்த்து எழுதுவோம். இருபத்து மூன்றாம் பாகத்தில் தகப்பன் திரும்பி வந்தான்.

படகிலிருந்து இறங்கி, மெலிந்து, தாடி வளர்ந்து, மகளின் முன்னால் வந்து நின்றான். முகம் முழுத் திரை. வாய் மூன்று தரம் திறந்தது. சந்திரா அண்ணையும் நானும் பக்கத்தில் பக்கத்தில் இருந்து பார்த்தோம். அவர் அந்த இடத்தை இன்னொரு தரம் ஓடவிட்டார். பிறகு சொன்னார்:

"சித்தப்பா எண்டு எழுது."

"என்ன?"

"தகப்பன்ரை தம்பி. தாடிதானே இருக்கு. சித்தப்பா வந்திட்டன் எண்டு எழுது."

கொப்பியை வீட்டுக்குக் கொண்டுபோனேன். எதிர்த்துக் கதைக்கத் தெரியாதவனுக்கு ஒரு வழிதான் இருக்கிறது. மற்ற எல்லாவற்றையும் எழுதிவிட்டு, அந்த வரியை வெறுமையாக விட்டுக் கொடுத்தேன்.

"இதென்ன வெறும் இடம்?"

"எண்ண மறந்திட்டன் அண்ணை."

நான் எண்ண மறக்க மாட்டேன் என்பது அவருக்குத் தெரியும். பேனையை எடுத்து அந்த இடத்தில் தானே எழுதினார்.

திங்கட்கிழமை பீற்றர் அண்ணை தாளை வாசித்துவிட்டுக் கத்தினார்: "என்ரை குரலிலை சித்தப்பாவோ? இரட்டைப் பிள்ளையளே? ஒரே மீன் மணமோ ரெண்டு பேருக்கும்?"

"சொல்லுங்கோ பீற்றர்."

"சித்தப்பா வந்திட்டன்." தகப்பன் வாயை மூடிய பிறகும் பீற்றர் அண்ணையின் குரல் நீண்டது. இரண்டாம் தரம் விரைவாகச் சொன்னார். அப்போதும் பொருந்தவில்லை. மூன்றாம் தரம் மூச்சு வாங்கினார்.

சுகந்தி ஒலிவாங்கியின் முன்னால் தன் முறைக்குக் காத்து நின்றாள். அவளுடைய பெருவிரல் கணுக்களில் நகர்வதை நான் பார்த்தேன்.

"பீற்றர் அண்ணை, வந்திட்டன் எண்டு மட்டும் சொல்லிப் பாருங்கோ."

"வந்திட்டன்" என்றார் அவர்.

வாயும் குரலும் ஒன்றாகத் திறந்து ஒன்றாக மூடின.

மெத்ரோ போனது. கையைத் தூக்க யாரும் இல்லை. அது போய் முடிந்ததும் சுகந்தி, "அண்ணா, பதினெட்டைப் போடு. யப்பான் குரலோடை" என்றாள்.

"அது முடிஞ்ச வேலை."

"போடு அண்ணா."

போட்டார். படகு, கரை, திரும்பிப் பார்க்கும் தகப்பன். ஒரு தரம் கேட்டாள். இரண்டாம் தரம் சத்தத்தை நிறுத்தச் சொன்னாள். மூன்றாம் தரம் அவளே, பத்து வயதுக் குரலில் அல்ல, தன் சொந்தக் குரலில், அந்த வாய் திறக்கிற நேரத்தில் சொன்னாள்:

"இரு, வாறன்."

நாலு. இம்மி பிசகவில்லை.

பீற்றர் அண்ணை சிலுவைக் குறி போட்டார். சந்திரா அண்ணை இயந்திரத்தின் பொத்தான்களைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"நீ நினைக்கிறது உன்ரை விருப்பம் அண்ணா. என்ரை வாயாலை ஏன் சொல்ல வைச்சனி?"

"நீ வாழவேணும் எண்டுதான் பிள்ளை."

"நான் செத்தோ போனன்?"

அவள் என்னிடம் திரும்பினாள்.

"நீங்கள்தானே எழுதினது?"

"ஓம்."

"படியிலை வைச்சுக் கேட்டனான்."

"ஓம்."

அதற்கு மேல் அவள் கேட்கவில்லை. கேட்டிருந்தால் எனக்குச் சுகமாக இருந்திருக்கும்.

இருபத்து மூன்றாம் பாகம் உண்மையான வசனத்தோடு போனது. பதினெட்டு ஏற்கெனவே ஒளிபரப்பாகிவிட்டதால் அதைத் தொட முடியவில்லை. அடுத்த கிழமை பொபினியிலிருந்து ஒரு தாய் தொலைபேசி எடுத்தார். குற்றம் சொல்லப் போகிறார் என்று பயந்து சந்திரா அண்ணை எல்லாருக்கும் கேட்கும்படி போட்டார். "வரமாட்டன் எண்டு சொன்ன அப்பா வந்திட்டார் எண்டு என்ரை மகள் வீடு முழுக்கத் துள்ளுறாள். நல்லா எழுதியிருக்கிறியள்" என்றார் அந்தத் தாய்.

சுகந்தி தமையனைப் பார்த்தாள். "பாத்தியோ அண்ணா? வரமாட்டன் எண்டவையே வருகினம். அவர் வாறன் எண்டெல்லோ சொன்னவர்?"

சந்திரா அண்ணை எழுந்துபோய்த் தேத்தண்ணி போட்டார். எல்லாருக்கும் ஒவ்வொரு கோப்பை கொண்டுவந்து கொடுத்தார். அதன் அர்த்தம் எங்கள் எல்லாருக்கும் தெரியும். ஆனால் கிழிப்பதற்கு எங்களிடம் பக்கம் இல்லை.

அதன் பிறகும் சில வருடம் அந்த அறையில் வேலை செய்தேன். சுகந்தியும் வந்தாள். என்னை அண்ணை என்றுதான் கூப்பிட்டாள், பகிடியும் விட்டாள். ஆனால் நான் எழுதிய ஒவ்வொரு வரியையும் படத்தோடு வைத்து விரலில் எண்ணிப் பார்த்த பிறகுதான் வாய் திறந்தாள். ஒருநாளும் அதை விடவில்லை. பிறகு பிள்ளைகள் பிரெஞ்சிலேயே பார்க்கத் தொடங்கினார்கள். தொலைக்காட்சி நின்றது. சந்திரா அண்ணை அறையைப் பூட்டித் திறப்பைக் கொடுத்துவிட்டார். எனக்கும் சீனி வருத்தத்தால் கண் மங்கியது, ஓய்வு எடுத்துக்கொண்டேன்.

சட்டைப் பையில் இருந்த கடிதத்துக்கு மூன்றாவது ஆளாக நான் நினைத்தது அவளைத்தான். இரண்டு கிழமை தயங்கினேன். அதற்குள் அவளே தொலைபேசி எடுத்தாள். அவளுக்கும் ஒரு கடிதம் வந்திருந்தது, குரலுக்காக. இப்போது பொபினியில் ஒரு பள்ளிக்கூடச் சாப்பாட்டு அறையில் வேலை செய்கிறாள், பிரெஞ்சு நன்றாக வாசிக்கிறாள். கார் து நோர் ரயில் நிலையத்தில் இறங்கி நடந்து வந்தாள். லா சப்பல் மெத்ரோவுக்குக் கீழே இருக்கும் தேநீர்க் கடையில் இருந்தோம். தலை நரைத்துவிட்டது. குரல் அதேதான்.

கடிதத்தை மெதுவாக வாசித்துச் சொன்னாள். பழைய தொடர்களை யாரோ வாங்கியிருக்கிறார்கள். இயந்திரத்தால் புதுப்பித்துத் திரும்ப விடப் போகிறார்கள். என் வசனங்களைப் பாவிக்க என் சம்மதம் வேண்டும்.

"வாயையும் மாத்துவினமோ?"

"ஓம். தமிழ் வசனத்துக்குச் சரியா வாயைப் புதுசாக் கீறுமாம்."

"பதினெட்டும் இருக்கோ?"

"எல்லாம் இருக்கு அண்ணை."

அந்தத் தகப்பனின் வாயை நினைத்தேன். நான் பொய் எழுதியபோதும் அது நாலு தரம் திறந்து தன் கதையைச் சொல்லிக்கொண்டிருந்தது. அதைப் பிடித்துக்கொண்டுதான் அவள் உண்மைக்கு வந்தாள். இனி அதையும் என் பொய்க்கு ஏற்றபடி வரைந்துவிட்டால், எண்ணிப் பார்க்க ஒன்றும் மிஞ்சாது.

"பதினெட்டிலை அந்த ஒரு வசனத்தையும், அதுக்கு மகள் சொல்லுற பதிலையும் மாத்தினால்தான் ஒப்பம் வைப்பன்" என்றேன். "இரு, வாறன் எண்டு போடவேணும். மகளுக்கு 'ம்' காணும். நீர் பிரெஞ்சிலை எழுதித் தாரும்."

அவள் பேனையைத் திறக்கவில்லை. "அது ஏன்? வரமாட்டன் எண்டு சொல்லிப்போட்டு வாற அப்பா அந்தப் பிள்ளையளுக்குப் பிடிச்சுதே. எனக்கும்தான்."

"அது அவர் சொன்னதில்லை, தங்கச்சி. நான் சொன்னது."

மேலே மெத்ரோ போனது. இரண்டு பேரும் பழக்கத்தில் அது போகும்வரை கதைக்காமல் இருந்தோம். பிறகு கடிதத்தின் அடியில் மூன்று வரி எழுதினாள். நான் ஒப்பம் வைத்தேன். அவள் மடித்து உறையில் இட்டு என்னிடம் நீட்டினாள்.

"ஒட்டேல்லை. இன்னும் ரெண்டு பேரிட்டைக் காட்டிப்போட்டுப் போடுங்கோ. உங்களைத் தெரியும்தானே" என்றாள். சிரிக்கவில்லை.

அவள் போன பிறகு உறையிலிருந்து தாளை எடுத்து அந்த மூன்று வரியையும் பார்த்தேன். பெருவிரல் தானாகக் கணுவுக்குப் போனது. எண்ண அங்கே வாய் ஒன்றும் இல்லை, எழுத்துத்தான். காய்கறிக் கடை நாலு எட்டில். மருந்துக் கடை அதற்கு அடுத்தது. இரண்டும் திறந்திருந்தன.

தாளைத் திரும்ப உள்ளே வைத்து, உறையை நாக்கால் நனைத்து ஒட்டி, தெருமுனையில் இருந்த மஞ்சள் தபால் பெட்டிக்குள் போட்டேன். அவள் என்ன எழுதினாள் என்று எனக்குத் தெரியாது.